மலை இறக்கமும் பிரேக் பேடும்: வாசகர் கேள்வி – பதில்

இந்த இதழுக்கு வந்த கடிதங்களில் பெரும்பாலானவை போடி, கம்பம், வண்டிப்பெரியாறு, செங்கோட்டை எனக் கேரள எல்லையை ஒட்டிய ஊர்களிலிருந்து வந்தவை. எல்லாமே காரின் பிரேக் பற்றியவை. சமவெளியில் ஓடும் காருக்குச் சொல்லும் பதில் மலைப்பாதையில் ஓடும் காருக்கு முழுவதும் பொருந்தாது என்பதால், மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்கு ஒதுக்கிவிட்டு இவற்றை மட்டும் இங்கே எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: பூப்பாறைக்கு அருகில் எங்களுக்கு ஏலத்தோட்டம் இருக்கிறது. குடும்பத்துடன் அடிக்கடி க்ராஸ்ஓவர் காரில் சென்று வருகிறோம். போடிமெட்டிலிருந்து இறங்கி முந்தல் வந்து சேரும்போது முன்சக்கரங்களிலிருந்து கருகல் வாடை வருகிறது. பேடு மாற்ற வேண்டும் என்கிறார் மெக்கானிக். கடையிலோ ஆர்கானிக், செமி மெட்டாலிக், செராமிக் என்று மூன்று வகை காட்டுகிறார்கள். எதை வாங்குவது? – வாசகர், போடிநாயக்கனூர்

பதில்: கருகல் வாடை வருகிறது என்றால் பேடு தேய்ந்துவிட்டது என்று பொருளல்ல, அளவுக்கு மீறிச் சூடாகிறது என்று பொருள். இறங்கும் முறையை மாற்றாமல் பேடை மட்டும் மாற்றினால் சில வாரங்களிலேயே அதே வாடை திரும்பி வரும். ஆகையால் முதலில் இறக்கத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன்.

போடிமெட்டுக்கும் போடி நகருக்கும் இடையே ஏறக்குறைய 1,000 மீட்டர் உயர வேறுபாடு இருக்கிறது. அந்த உயரத்திலிருந்து 17 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து இறங்கும் காரைப் பிரேக்கை மட்டும் நம்பிக் கட்டுப்படுத்துவதாக வைத்துக்கொண்டால், மணிக்கு 80 கிலோமீட்டர் வேகத்தில் ஓடும் அதே காரைச் சுமார் 40 முறை முழுவதுமாக நிறுத்தினால் எவ்வளவு வெப்பம் உண்டாகுமோ அவ்வளவு வெப்பம் உண்டாகும். காற்றின் எதிர்ப்பும் டயரின் உராய்வும் அதில் ஒரு பங்கை எடுத்துக்கொள்ளும்; மெதுவாக இறங்கும் காரில் அந்தப் பங்கு சிறியது. மீதி முழுவதும் சக்கரத்தோடு சுழலும் டிஸ்கிலும் அதை அழுத்திப் பிடிக்கும் பேடிலும்தான் இறங்குகிறது. சமவெளியில் ஒரு முறை பிரேக் பிடித்த பிறகு டிஸ்க் ஆறுவதற்கு நேரம் கிடைக்கும். மலை இறக்கத்தில் அடுத்தடுத்த வளைவுகள் அந்த நேரத்தைத் தருவதில்லை.

எனவே வண்டியைக் கட்டுப்படுத்தும் வேலையை இன்ஜினிடம் கொடுங்கள். ஏறும்போது எந்த கியர் தேவைப்பட்டதோ இறங்கும்போதும் அதே கியர் என்று இப்பகுதி ஜீப் ஓட்டுநர்கள் சொல்வது முற்றிலும் சரியானது; கொண்டை ஊசி வளைவுகளில் பெரும்பாலும் அது இரண்டாவது கியராகவே இருக்கும். நியூட்ரலில் விட்டால் எரிபொருள் மிச்சமாகும் என்ற எண்ணம் இன்னும் பலரிடம் இருக்கிறது. இன்றைய கார்களில், கியரில் இருக்கும்போது ஆக்சிலரேட்டரிலிருந்து காலை எடுத்தால் இன்ஜினுக்குச் செல்லும் எரிபொருளே நிறுத்தப்படுகிறது. நியூட்ரலில்தான் இன்ஜின் தன்னை ஓட வைத்துக்கொள்ள எரிபொருளைக் குடிக்கிறது. பிரேக் பெடலின் மீது காலை லேசாக வைத்தபடியே இறங்கும் பழக்கத்தையும் விட்டுவிட வேண்டும். வளைவுக்கு முன்னால் சில விநாடிகள் உறுதியாக மிதித்து வேகத்தைக் குறைத்து, உடனே காலை முழுவதுமாக எடுத்துவிடுங்கள். அந்த இடைவெளியில்தான் டிஸ்க் ஆறுகிறது.

இனி பேடு. ஆர்கானிக் வகை மென்மையானது, சத்தமில்லாதது, டிஸ்கை அதிகம் தேய்க்காதது. நகரத்துக்குள் ஓடும் காருக்கு அது போதும். ஆனால் அதைப் பிணைத்திருக்கும் பிசின் 300 டிகிரி செல்சியஸைத் தாண்டும் சூட்டில் சிதையத் தொடங்கும். அப்போது பெடல் கெட்டியாகவே இருக்கும், வண்டி மட்டும் நிற்காது. அப்படிச் சூடேறி ஆறிய பேடைக் கழற்றிப் பார்த்தால் அதன் முகம் சொரசொரப்பு போய்க் கண்ணாடிபோல் பளபளக்கும். டிஸ்கிலும் அங்கங்கே நீலம் பாய்ந்திருக்கும். உங்கள் காரில் இவ்விரண்டில் ஒன்று தெரிந்தாலும், தடிமன் மிச்சமிருக்கிறது என்று அந்தப் பேடை வைத்திருக்க வேண்டாம். செமி மெட்டாலிக் வகையில் இரும்பு, செம்பு போன்ற உலோகத் துகள்களும் இழைகளும் கலந்திருப்பதால் சூட்டைத் தாங்கும். அதற்கு விலையாகச் சற்றுச் சத்தமும், கரிய தூசியும், டிஸ்க் கொஞ்சம் விரைவில் தேய்வதும் உண்டு. செராமிக் வகை தூசியும் சத்தமும் குறைந்தது, விலை கூடியது. ஆனால் 'செராமிக்' என்ற பெயர் அட்டைப்பெட்டியில் இருப்பதாலேயே அது மலைக்கு ஏற்றதாகிவிடாது. அமைதிக்காகவும் சுத்தத்துக்காகவும் செய்யப்பட்ட செராமிக் பேடுகளே சந்தையில் அதிகம்.

அடிக்கடி மலை ஏறி இறங்கும் உங்கள் குடும்பத்துக்கு, கார் நிறுவனம் அதே மாடலுக்குத் தரும் ஒரிஜினல் பேடு, அல்லது பெயர் பெற்ற தயாரிப்பாளரின் செமி மெட்டாலிக் பேடு, இவ்விரண்டில் ஒன்றையே பரிந்துரைப்பேன். பிரேக்ஸ் இந்தியா, சுந்தரம் பிரேக் லைனிங்ஸ், ரானே என்று சென்னையிலிருந்தே உலகச் சந்தைக்குப் பேடும் லைனிங்கும் செய்து அனுப்பும் நிறுவனங்கள் இருக்கும்போது, பெயர் தெரியாத பெட்டியைக் குறைந்த விலைக்காக வாங்க வேண்டியதில்லை.

பேடின் இரும்புத் தகட்டின் முதுகில் அச்சிட்டிருக்கும் குறியீட்டின் முடிவில் பெரும்பாலும் இரண்டு ஆங்கில எழுத்துகள் இருக்கும். முதல் எழுத்து மிதமான சூட்டிலும், இரண்டாவது எழுத்து கடும் சூட்டிலும் பேடு எவ்வளவு பிடிக்கிறது என்பதைக் குறிக்கும். 'ஈ' என்றால் உராய்வுக் கெழு 0.25 முதல் 0.35 வரை, 'எஃப்' என்றால் 0.35 முதல் 0.45 வரை, 'ஜி' என்றால் 0.45 முதல் 0.55 வரை. 'எஃப்ஈ' என்று இருந்தால் சூடேறும்போது அதன் பிடிப்பு குறைகிறது என்று பொருள். மலைப்பாதைக்கு அது வேண்டாம். 'எஃப்எஃப்' அல்லது அதற்கு மேல் பாருங்கள். வட்டத்துக்குள் 'ஈ' எழுத்தும் ஓர் எண்ணும், அருகில் '90ஆர்' என்றும் இருந்தால், ஐக்கிய நாடுகள் அவையின் 90ஆம் எண் விதிமுறைப்படி, ஒரிஜினல் பேடுடன் ஒப்பிட்டுச் சோதிக்கப்பட்டது என்று கொள்ளலாம். எந்த வகையை வாங்கினாலும் ஒரே அச்சின் இரண்டு சக்கரங்களுக்கும் சேர்த்தே மாற்ற வேண்டும். ஒரு பக்கம் மட்டும் மாற்றினால் பிரேக் பிடிக்கும்போது வண்டி ஒரு பக்கமாக இழுக்கும்.

கேள்வி: குமுளியிலிருந்து லோயர் கேம்ப் இறங்கும்போது ஒருநாள் பிரேக் பெடல் திடீரெனப் பஞ்சுபோல் அமுங்கியது. ஓரமாக நிறுத்தி அரை மணி நேரம் கழித்து மிதித்தபோது சரியாகிவிட்டது. பேடு மாற்றி ஆறு மாதம்தான் ஆகிறது. எங்கே கோளாறு? – வாசகர், கூடலூர் (தேனி மாவட்டம்)

பதில்: கோளாறு பெரும்பாலும் பேடில் இல்லை, பிரேக் ஆயிலில் இருக்கிறது. தானாகச் சரியாகிவிட்டது என்று இதை விட்டுவிடாதீர்கள். அடுத்த இறக்கத்துக்கு முன்பு ஒர்க்‌ஷாப்புக்குக் கொண்டுசெல்லுங்கள்.

பிரேக் ஆயில் காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சும் இயல்புடையது. தென்மேற்குப் பருவமழையில் மாதக்கணக்கில் நனையும் இந்தப் பகுதியில் அதை நினைவில் வைத்திருப்பது அவசியம். டாட் 4 தர ஆயில் புதிதாக இருக்கும்போது குறைந்தது 230 டிகிரி செல்சியஸ் வரை கொதிக்கக் கூடாது என்பது தரநிலை. ஈரம் ஏறிய நிலையில் அந்த வரம்பு 155 டிகிரிதான். டாட் 3 தரத்துக்கு இதே அளவுகள் 205, 140. டிஸ்கின் சூடு, பேடுகளை அதன் மீது அழுத்தும் காலிப்பர் வழியாக ஆயிலுக்கு ஏறும்போது பழைய ஆயில் கொதித்து ஆவிக் குமிழிகள் உண்டாகின்றன. திரவத்தை அமுக்க முடியாது, ஆவியை அமுக்க முடியும். அதனால்தான் நீங்கள் மிதித்த மிதி சக்கரத்துக்குப் போய்ச் சேராமல் அந்தக் குமிழிகளிலேயே அடங்கிவிட்டது. ஆறியதும் ஆவி மீண்டும் திரவமாகிப் பெடல் பழையபடி ஆகிறது. முன் கேள்வியில் சொன்ன கோளாற்றில் பெடல் கெட்டியாக இருக்கும், இதில் பெடல் இறங்கும். மெக்கானிக்கிடம் சொல்லும்போது இந்த வேறுபாட்டைத் தெளிவாகச் சொல்லுங்கள்.

உங்கள் காரின் கையேட்டில் குறிப்பிட்ட தரத்தில், மூடி திறக்காத புதிய டப்பாவை உங்கள் முன்னாலேயே திறந்து, நான்கு சக்கரங்களிலும் பழைய ஆயிலை முழுவதும் வெளியேற்றி மாற்றச் சொல்லுங்கள். குறைந்த அளவுக்கு மேலே ஊற்றி நிரப்புவது மாற்றுவது ஆகாது. ஆயிலை மாற்றிய பிறகும் பெடல் அமுங்கினால் மாஸ்டர் சிலிண்டரையும் ஹோஸ்களையும் பார்க்கச் சொல்லுங்கள். இரண்டு ஆண்டுகளுக்கு ஒரு முறை என்பது பல நிறுவனங்கள் சொல்லும் கணக்கு. மலைக்காரர்கள் அதை ஒருநாளும் தள்ளிப்போடக் கூடாது. டாட் 5 என்பது சிலிக்கான் வகை. எண் பெரியது என்பதற்காக அதை வாங்கி டாட் 3, டாட் 4 ஆயிலுடன் கலந்துவிட வேண்டாம்.

ஓடும்போது பெடல் அமுங்கினால், விட்டுவிட்டு வேகமாகப் பலமுறை மிதியுங்கள். அழுத்தம் ஓரளவு சேரும். கூடவே கியரைப் படிப்படியாகக் குறைத்து, ஹேண்ட் பிரேக்கைப் பொத்தானை அழுத்தியபடி சிறிது சிறிதாக இழுத்து, மலைப்பக்கமாக வண்டியை ஒதுக்குங்கள். எந்த நிலையிலும் இன்ஜினை அணைக்காதீர்கள். அணைத்தால் பிரேக்குக்குத் துணைசெய்யும் பூஸ்டரின் வலுவும் போய்விடும்.

கேள்வி: காலையில் வண்டியை எடுத்துச் சிறிது தூரம் போன பிறகும் முன்சக்கரத்தில் 'கீச்' என்ற சத்தம் நிற்பதில்லை. சக்கரத்தின் கம்பிகளுக்கு இடையே எட்டிப் பார்த்த மெக்கானிக், பேடு பாதிக்கு மேல் இருக்கிறது, கவலை வேண்டாம் என்றார். நம்பலாமா? – பள்ளி ஆசிரியை, வண்டிப்பெரியாறு

பதில்: அவர் பார்த்தது வெளிப்பக்கப் பேடு. ஒவ்வொரு டிஸ்குக்கும் உள்பக்கம் ஒன்று, வெளிப்பக்கம் ஒன்று என இரண்டு பேடுகள் உண்டு. சக்கரத்தைக் கழற்றாமல் உள்பக்கப் பேடு தெரியாது. இரவு மழையில் நின்ற வண்டியில் டிஸ்கின் மீது மெல்லிய துரு படியும். அதன் சத்தம் நான்கைந்து முறை பிரேக் பிடித்ததும் மறைந்துவிடும். நீங்கள் சொல்வது அப்படி மறையவில்லை என்பதால் சக்கரத்தைக் கழற்றிப் பார்க்கவே வேண்டும்.

பெரும்பாலான குடும்பக் கார்களில் காலிப்பர் இரண்டு சிறு பின்களின் மீது வழுக்கி நகரும்படி அமைந்திருக்கிறது. எஸ்டேட் சாலைகளின் செம்மண் சேறு ரப்பர் உறைக்குள் புகுந்து, உள்ளிருக்கும் கிரீஸ் காய்ந்துவிட்டால் பின் இறுகிக்கொள்ளும். அப்போது உள்பக்கப் பேடு மட்டுமே டிஸ்கை அழுத்தும். வெளிப்பக்கம் பாதி இருக்கும்போதே உள்பக்கம் இரும்புத் தகடு வரை தேய்ந்துபோயிருக்கும். புதிய பேடின் உராய்வுப் பகுதி ஏறக்குறைய 10 மில்லிமீட்டர் தடிமன் இருக்கும். 3 மில்லிமீட்டருக்கு வந்ததும் மாற்றிவிடுங்கள். பல பேடுகளில் அந்த அளவை நெருங்கும்போது டிஸ்கில் உரசிக் கீச்சிடுவதற்கென்றே ஒரு சிறு தகடு பொருத்தியிருக்கிறார்கள். உங்கள் காதில் விழுவது அதுவாகவே இருக்கலாம். அதைக் கேட்டும் ஓட்டினால் இரும்பு இரும்போடு உரசி டிஸ்கும் பாழாகும். பேடு மாற்றும்போது பின்களைக் கழற்றித் துடைத்து, பிரேக்குக்கான சிலிக்கான் கிரீஸ் தடவச் சொல்லுங்கள். சாதாரண கிரீஸ் ரப்பரை உப்பச் செய்துவிடும்.

கேள்வி: என்னிடம் ஜாக்கியும் கருவிகளும் இருக்கின்றன. நான்கு சக்கரமும் டிஸ்க், எலெக்ட்ரானிக் பார்க்கிங் பிரேக். வீட்டிலேயே பேடு மாற்றலாமா? – வாசகர், கம்பம்

பதில்: முன்சக்கரங்களுக்கு, பழகிய ஒருவர் அருகில் இருந்தால் மாற்றலாம். பின்சக்கரங்களை ஒர்க்‌ஷாப்பில் விடுங்கள். எலெக்ட்ரானிக் பார்க்கிங் பிரேக் உள்ள காலிப்பரில் ஒரு சிறு மோட்டார் இருக்கிறது. அதைச் சர்வீஸ் நிலைக்கு மாற்றாமல், பேடைத் தள்ளும் பிஸ்டனை அழுத்தினால் உடைந்துவிடக்கூடும்.

முன்பக்கம் செய்யும்போது ஜாக்கியை மட்டும் நம்பாமல் வண்டியின் அடியில் ஸ்டாண்டு வைக்க வேண்டும். கழற்றிய காலிப்பரை ஹோஸில் தொங்கவிடாமல் கம்பியால் கட்டி வையுங்கள். பிஸ்டனை உள்ளே தள்ளும்போது ஆயில் தொட்டி வழியக்கூடும். வழிந்த ஆயில் பெயின்ட்டை அரித்துவிடும். பேடின் தூசியை ஊதாதீர்கள், ஈரத் துணியால் துடையுங்கள். டிஸ்கின் விளிம்பில் அல்லது நடுப்பகுதியில் குறைந்தபட்சத் தடிமன் பொறித்திருக்கும். டிஸ்க் அதற்குக் கீழே போயிருந்தால் புதுப் பேடு போட்டுப் பயனில்லை. எல்லாம் மாட்டிய பிறகு வண்டியை நகர்த்துவதற்கு முன், பெடல் கெட்டியாகும் வரை பலமுறை மிதியுங்கள். இதை மறந்தால் முதல் மிதியில் பிரேக்கே இருக்காது.

புதுப் பேடு டிஸ்கோடு பொருந்துவதற்கு, ஆள் நடமாட்டமில்லாத சமவெளிச் சாலையில் மணிக்கு 60 கிலோமீட்டரிலிருந்து 20 வரை எட்டு அல்லது பத்து முறை நிதானமாக வேகத்தைக் குறையுங்கள்; ஒவ்வொரு முறைக்கும் நடுவே சிறிது தூரம் ஓட்டி ஆறவிடுங்கள், முழுவதுமாக நிறுத்தி மிதித்தபடி நிற்காதீர்கள். இது முடிவதற்கு முன்பு குமுளிப் பாதையில் ஏற வேண்டாம்.

கேள்வி: ஆட்டோமேட்டிக் காரில் ஆரியங்காவு வழியாகப் புனலூர் போய்வருகிறேன். 'டி'யிலேயே இறங்கலாமா? இறங்கியதும் சூடான சக்கரத்தில் தண்ணீர் ஊற்றலாமா? – வாசகர், செங்கோட்டை

பதில்: 'டி'யில் விட்டால் பல கார்கள் மேல் கியருக்குத் தாவி, பாரம் முழுவதையும் பிரேக்கின் மேல் போட்டுவிடும். மேனுவல் நிலையிலோ, ஸ்டீயரிங்கின் பின்னுள்ள கியர் மாற்றும் நெம்புகோல்களாலோ இரண்டாவது கியரில் நிறுத்துங்கள், சி.வி.டி. (கியர் படிகள் இல்லாத ஆட்டோமேட்டிக்) வண்டியானால் 'எல்' அல்லது ஸ்போர்ட் நிலை. தண்ணீர் ஊற்றவே கூடாது. கொதிக்கும் வார்ப்பிரும்பு டிஸ்க் ஒரு பக்கம் மட்டும் சட்டென்று ஆறினால் கோணிக்கொள்ளவும் விரிசல் விடவும் கூடும். பிறகு ஒவ்வொரு முறை பிரேக் பிடிக்கும்போதும் ஸ்டீயரிங் நடுங்கும். அடிவாரத்துக்கு வந்த பிறகு சில கிலோமீட்டர் பிரேக்கை அதிகம் தொடாமல் மெதுவாக ஓட்டினாலே காற்றில் டிஸ்க் ஆறிவிடும். உடனே நிறுத்த வேண்டியிருந்தால் சமதளத்தில் நிறுத்திக் கியரில் அல்லது 'பி'யில் விட்டு, சக்கரத்துக்குக் கல் வையுங்கள். ஹேண்ட் பிரேக்கைச் சிறிது நேரம் கழித்து இழுத்துக்கொள்ளலாம்.