படம் இல்லை, பாட்டு இருக்கிறது

அன்புள்ள சார்,
கொரிய மௌனப்படங்கள் பற்றிப் பேசும்போது நா ஊன்கியூவின் ‘அரிராங்’ படத்தை உச்சியில் வைத்தீர்கள். தேடிப் பார்த்தேன், ஒரு பிரதிகூட மிஞ்சவில்லையாம். யாரும் பார்க்க முடியாத படத்தை எதை வைத்துக் கொண்டாடுகிறோம்? நாட்டுப்பற்றில் ஊதிப் பெரிதாக்கிய கதையாக இருக்காதா?
ம., மதுரை

அன்புள்ள ம.,

நியாயமான கேள்வி. நானும் அதைப் பார்த்ததில்லை. ஒளிப்பதிவு பிரமாதம் என்றெல்லாம் சொல்ல எனக்கு உரிமை கிடையாது. இயக்கியது யார் என்பதிலேயே சச்சரவு உண்டு. கொரியா அப்போது ஜப்பானின் ஆட்சியில் இருந்தது. தயாரித்தது சியோலில் இருந்த ஒரு ஜப்பானியரின் நிறுவனம்; இயக்குநராகப் போடப்பட்டதும் ஒரு ஜப்பானியப் பெயர். கதை எழுதி நாயகனாக நடித்தவர் ஊன்கியூ. இயக்கியதும் அவரே என்று பெரும்பாலான வரலாற்றாசிரியர்கள் ஏற்கிறார்கள், நானும் ஏற்கிறேன்.

அவர் 1902இல் வடகோடி ஊரான ஹோரியோங்கில் பிறந்தவர். விடுதலை இயக்கத்தில் சேர்ந்து சிறை போனார். 1925இல் ஒரு படத்தில் பல்லக்குத் தூக்கியாகத் தலைகாட்டினார். அதே ஆண்டு இன்னொரு படத்தில் பார்வையற்ற தந்தையாக முக்கிய வேடம். 1926 அக்டோபர் 1 அன்று சியோலின் தான்சோங்சா அரங்கில் ‘அரிராங்’ வெளியானபோது அவருக்கு 24 வயது நிரம்பவில்லை.

படத்தில் அவர் புத்தி பேதலித்த மாணவன். ஊர்ப் பண்ணையாரின் கையாள் இவனுடைய தங்கையிடம் அத்துமீறுகிறான். இவன் கண்ணுக்கு அப்போது பாலைவனம் தெரிகிறது, தண்ணீருக்குக் கெஞ்சும் காதலர்கள் தெரிகிறார்கள். அரிவாளை வீசுகிறான். ரத்தத்தைப் பார்த்ததும் புத்தி தெளிகிறது. கையைக் கட்டி மலைமேட்டைத் தாண்டி அழைத்துப் போகிறார்கள், ஊர் ஜனம் அரிராங் பாட்டைப் பாடுகிறது.

மௌனப்படத்தில் எப்படிப் பாட்டு என்று கேட்பீர்கள். அங்கேதான் உங்கள் கேள்விக்கும் பதில் இருக்கிறது. அன்றைய கொரியாவில் சினிமா என்பது படச்சுருள் மட்டும் இல்லை. திரைக்குப் பக்கத்தில் பியோன்சா என்ற கதைசொல்லி நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பார். வாத்தியக்காரர்கள் உண்டு. அரங்கில் ஜப்பானியப் போலீஸும் உட்கார்ந்திருக்கும். சுருள் போனதால் ஒரு பாதிதான் போனது என்பேன். மறுபாதி ஜனங்களின் வாயில் இருந்தது.

ஊன்கியூ பின்னாளில் ஒரு பேட்டியில் சொன்னார்: சின்ன வயதில், ஹோரியோங்குக்கு ரயில் பாதை போட தெற்கிலிருந்து வந்த கூலிக்காரர்கள் அரிராங் என்ற நாட்டுப்பாட்டைப் பாடுவதைக் கேட்டாராம். சியோலுக்கு வந்து தேடியபோது அந்த மெட்டு கிடைக்கவில்லை. நினைவில் இருந்ததை வைத்து வரிகளை எழுதி, தான்சோங்சா வாத்தியக் குழுவிடம் மெட்டமைக்கச் சொன்னார். இன்று உலகம் ‘அரிராங்’ என்று பாடுவது பெரும்பாலும் அந்த மெட்டைத்தான். இதில் யார் எதை ஊதிப் பெரிதாக்க முடியும்?

காசநோய் அவரை 1937 ஆகஸ்டில் கொண்டுபோனது. இத்தனை சின்ன வயதில் போயிருக்க வேண்டாம் என்று இன்றும் மனம் ஆறவில்லை.

பியோன்சா என்றால் என்னவென்று உணர வேண்டுமானால் ‘இளமையின் நாற்சந்தி’ என்ற 1934ஆம் ஆண்டு மௌனப்படம் இருக்கிறது. 2007இல்தான் கண்டெடுத்தார்கள். கதைசொல்லியோடு திரையிடும்போது பாருங்கள்.

அப்புறம் அந்தப் பாட்டையும் கேளுங்கள். என்னை விட்டுப் போகிறவர் பத்து லி (சுமார் நான்கு கிலோமீட்டர்) தூரம் போவதற்குள் கால் நோகும் என்று வரும். வெறும் காதல் புலம்பல், தணிக்கைக்காரர் கைவைக்க அந்த வரியில் ஒன்றுமில்லை. கை கட்டப்பட்டு ஒருவன் மேடேறிப் போகும்போது, பின்னால் நிற்கிறவர்கள் அதைப் பாடுவதாக நினைத்துக்கொண்டு கேளுங்கள்.