பரதீசும் பரலோகமும் ஒன்றா?

சிலுவையில் தொங்கிய கள்வனிடம் இயேசு சொன்ன ‘பரதீசு’ பரலோகம்தானா என்று கேட்டிருக்கிறீர்கள். தொடக்கத்தில் இரண்டும் வேறு வேறு.

பரதீசு பழைய ஈரானிய மொழிச் சொல். சுற்றுச்சுவர் எழுப்பிய இடம் என்பதுதான் பொருள். எபிரேயத்தில் அது ‘பர்தேஸ்’ ஆனது. நெகேமியா 2:8-இல் வாசல் கதவுகளுக்கு மரம் தரும்படி வனக்காவலர் ஆசாபுக்கு ஒரு கடிதம் தாருங்கள் என்று நெகேமியா அரசரிடம் கேட்கிறாரே, அந்த வனம்தான் பர்தேஸ். முழுக்க முழுக்க மண்ணுலகத்து இடம்! கி.மு. 3-ஆம் நூற்றாண்டில் ஆதியாகமத்தைக் கிரேக்கத்தில் பெயர்த்தவர்கள் ஏதேன் தோட்டத்துக்கு ‘பரதேய்சோஸ்’ என்று எழுதினார்கள். என்னைப் பொறுத்தவரை திருப்பமே இங்கேதான்.

பழைய எபிரேய நம்பிக்கையில் வானம், அதாவது பரலோகம், கடவுளின் இருப்பிடம். இறந்தவர்கள், நல்லவரோ கெட்டவரோ, போவது பாதாளத்துக்கு. உயிர்த்தெழுதலைத் தெளிவாகப் பேசுவது தானியேல் 12:2. தானியேல் நூலின் காலத்தையொட்டிய பழைய யூத நூலான ஏனோக்கில் நீதிமான்களுக்கான தோட்டம் வருகிறது. பவுலோ மூன்றாம் வானத்தையும் பரதீசையும் அடுத்தடுத்துச் சொல்கிறார் (2 கொரிந்தியர் 12). இப்படித்தான் தோட்டம் மேலேறியது.

கள்வனுக்குச் சொன்ன வசனத்தில் (‘இன்றைக்கு நீ என்னோடு பரதீசில் இருப்பாய் என்று உனக்குச் சொல்கிறேன்’, லூக்கா 23:43) இன்னொரு சிக்கல். பழைய கிரேக்கப் பிரதிகளில் பெரும்பாலும் நிறுத்தற்குறி கிடையாது. ‘இன்றைக்கு’ என்பதை ‘சொல்கிறேன்’ என்பதோடு சேர்த்துப் படிப்பவர்களும் உண்டு. ‘இன்றைக்கே இருப்பாய்’ என்பதே எனக்கு இயல்பாகப் படுகிறது.

வெளிப்படுத்தலின் முடிவில் ஜீவவிருட்சம் ஒரு நகரத்துக்குள் நிற்கிறது. அந்த நகரம் வானத்திலிருந்து கீழே இறங்கி வருகிறது.