கூட்டுறவு வங்கி வேலை: கேள்வியும் பதிலும்

டர்பனில் தொழிற்சங்க வேலை பார்த்தவன் நான். தென்னாப்பிரிக்கச் சட்டம் பற்றி மட்டும் கேளுங்கள்.

கே (சாட்ஸ்வர்த்): அண்ணா, கூட்டுறவு வங்கி கவுண்டரில் இருக்கிறேன். மூன்று மாத ஒப்பந்தத்தை நாலு தடவை புதுப்பித்தார்கள். இப்போது 'முடிந்தது, போகலாம்' என்கிறார்கள்.

ப: 1995 தொழிலாளர் உறவுச் சட்டத்தின் 198பி பிரிவு 2015-இல் அமலுக்கு வந்தது. சட்டம் சொல்லும் சம்பள வரம்புக்குக் கீழே இருப்பவரை 3 மாதத்துக்கு மேல் காலக்கெடு வைத்த ஒப்பந்தத்தில் வைக்க நியாயமான காரணம் வேண்டும். இல்லையென்றால் அவர் நிரந்தர ஊழியர். உடனே சந்தோஷப்படாதீர்கள். 10 பேருக்குக் குறைவாக ஆள் வைத்திருக்கும் இடத்துக்கு இது பொருந்தாது. மேலாளர், இரண்டு கவுண்டர், கணக்கர், துப்புரவு அம்மா என்று முதலில் தலையை எண்ணுங்கள். பத்து தேறாவிட்டால் 186(1)(பி) இருக்கிறது: புதுப்பிப்பார்கள் என்று நியாயமாக நம்பும்படி நடந்துவிட்டு நிறுத்தினால் அதுவும் பணிநீக்கம்தான். அதற்குச் சாட்சி வேண்டும். அடுத்த மாத டியூட்டி அட்டவணையில் உங்கள் பெயர், மேலாளரின் வாட்ஸ்அப், எல்லாவற்றையும் எடுத்து வையுங்கள். 30 நாளுக்குள் சிசிஎம்ஏவில், அதாவது தொழில் தகராறுகளை விசாரிக்கும் சமரச ஆணையத்தில், 7.11 படிவம் கொடுங்கள். அதன் நகல் முதலில் வங்கிக்குப் போக வேண்டும். கட்டணம் கிடையாது.

கே (டோங்காட்): நான் வங்கியில் பங்கு வைத்திருக்கும் உறுப்பினர். தினமும் வேலை செய்கிறேன், மாதம் ஒரு படித்தொகை தருகிறார்கள். நியமனக் கடிதம் கேட்டால், 'நீயே சொந்தக்காரி, உனக்கெதற்கு?' என்கிறார்கள்.

ப: பங்கு வேறு, வேலை வேறு தங்கச்சி. தொழிலாளர் உறவுச் சட்டத்தின் 200ஏ பிரிவைக் காட்டுங்கள். கடைசி மூன்று மாதத்தில் மாதம் சராசரியாக 40 மணி நேரம் வேலை செய்திருந்தாலே ஊழியர் என்றுதான் சட்டம் எடுத்துக்கொள்ளும். இல்லை என்று நிரூபிப்பது வங்கியின் பாடு. வேலை விவரங்களை எழுத்தில் தரச் சொல்வது 1997 அடிப்படை வேலை நிபந்தனைச் சட்டத்தின் 29-ஆம் பிரிவு.

லெனேசியா: தம்பி, இப்படிச் சொல்லிக்கொடுத்தால் சின்ன வங்கியெல்லாம் இழுத்து மூட வேண்டியதுதான். நாங்கள் ஆரம்பித்தபோது எல்லோரும் சும்மாதான் உழைத்தோம்.

டோங்காட்: ஐயா, பெட்டியில் காசு குறைந்தால் என் படியில் பிடிக்கிறார்கள். அதுவும் சேவையா?

ப: ஐயா, நீங்கள் கஷ்டப்பட்டதை நான் மறுக்கவில்லை. ஆனால் இந்த வேலை நிபந்தனைச் சட்டம் விட்டுவைப்பது தர்ம ஸ்தாபனத்தில் சம்பளமில்லாமல் தொண்டு செய்பவரை. வங்கி தர்ம ஸ்தாபனம் இல்லை, இந்தப் பெண் காசும் வாங்குகிறார். நஷ்டத்துக்குப் பிடிப்பதென்றால் அதே சட்டத்தில் 34-ஆம் பிரிவு இருக்கிறது: தவறு அவருடையது என்று விசாரித்து, அவர் பேச வாய்ப்புக் கொடுத்து, எழுத்தில் சம்மதம் வாங்கி, அப்புறம்தான் பிடிக்கலாம். அதுவும் சம்பளத்தில் கால் பங்குக்கு மேல் கூடாது.

லெனேசியா: சம்பளம் கொடுக்க வழி?

ப: அதை உறுப்பினர் கூட்டத்தில் வட்டி விகிதம் பேசும்போது பேசுங்கள். அந்தப் பெண்ணின் படியில் கை வைக்காதீர்கள்.

கே (பீனிக்ஸ்): நேர்காணலுக்குப் போனேன். வேலை தலைவரின் மருமகனுக்கு.

ப: வெளியாளுக்கு 'நியாயமற்ற தொழில் நடைமுறை' வழக்கு கிடையாது. அது ஏற்கெனவே உள்ளே இருப்பவருக்கு. இனம், பாலினம், கர்ப்பம் மாதிரி காரணத்தால் ஒதுக்கினார்கள் என்றால் 1998 வேலைச் சமத்துவச் சட்டம் விண்ணப்பதாரரையும் காக்கும். மருமகன் என்பது மட்டும் போதாது.

கே (பீட்டர்மாரிட்ஸ்பர்க்): நீக்கி இரண்டு மாதம் ஆகிறது, போகலாமா?

ப: 30 நாள் என்று மேலே சொன்னேன். தாமதத்துக்குக் காரணம் எழுதி மன்னிப்பு மனுவோடு போங்கள். 'அம்மாவுக்கு உடம்பு சரியில்லை' என்று ஒரு வரி எழுதினால் நிற்காது, மருத்துவர் சீட்டு வையுங்கள்.

கே (மெரேபேங்க்): எத்தனை நாளுக்குள் போக வேண்டும்?

ப: மேலே படியுங்கள்.

கே (பிரிட்டோரியா): கையெழுத்துப் போட்ட நியமனத்தை, சேரும் முன்பே ரத்து செய்துவிட்டார்கள்.

ப: இரு பக்கமும் கையெழுத்தாகிவிட்டால், சேராவிட்டாலும் ஊழியர்தான். தொழிலாளர் மேல்முறையீட்டு நீதிமன்றம் 2005-இலேயே சொல்லிவிட்டது. பணிநீக்கம் என்றே பதிவு செய்யுங்கள்.

கே (லேடிஸ்மித்): சேலம் கூட்டுறவு வங்கியில் என் தம்பி...

ப: அது 1983 தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கச் சட்டம். அங்கே ஒரு வக்கீலைப் பார்க்கச் சொல்லுங்கள்.