நீலப் போத்தலும் அதில் ஒட்டிய பெயரும்: கேள்வி பதில்

அரசாங்க ஆஸ்பத்திரி ஆய்வுகூடங்களில் 32 வருடம் நின்றுவிட்டு இப்போது மட்டக்களப்புக் கல்லடியில் வீட்டோடு இருக்கிறேன். நிறச் சோதனைகள், அதற்கான கரைசல்கள், அவற்றுக்கு ஏன் அந்தப் பெயர் வந்தது, இதெல்லாம் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வைத்தியம் கேட்க வேண்டாம் என்றும் சொன்னேன். கேட்டிருக்கிறீர்கள். சரி, பார்ப்போம்.

களுவாஞ்சிக்குடி, உயர்தர மாணவி: ஐயா, பெனடிக்ட் என்பவர் யார்? பீலிங் கரைசல் இருக்கும்போது ஏன் இன்னொன்று செய்தார்?

மகள், இந்தக் கேள்விக்காகவே இன்றைக்கு உட்கார்ந்தேன் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஸ்டான்லி ரொசிற்றர் பெனடிக்ட், 1884இல் பிறந்த அமெரிக்கர். 1908 அளவில், குளுக்கோசு போன்ற வெல்லங்கள் (சீனி வகைகள்) இருக்கின்றனவா என்று நிறத்தால் காட்டும் இந்த நீலக் கரைசலைச் செய்தபோது ஆளுக்கு 25 வயதுகூட ஆகவில்லை. பிறகு நியூயோர்க்கில் கோர்னெல் மருத்துவக் கல்லூரியில் பேராசிரியராக இருந்து 1936இல் இறந்தார். அதே காலத்தில் பிரான்சிஸ் பெனடிக்ட் என்று இன்னொருவர் உடம்பு செலவழிக்கும் சக்தியை அளந்துகொண்டிருந்தார், இவரையும் அவரையும் குழப்பி எழுதிய நோட்ஸ் பார்த்திருக்கிறேன். மானிடவியலில் பெயர் பெற்ற ரூத் பெனடிக்ட் அம்மையாருக்கு அந்தப் பெயர் வந்ததும் நம்முடைய ஆளைக் கல்யாணம் கட்டியதால்தான்.

பீலிங் ஜெர்மன்காரர், அவருடையது 1840களின் கடைசியில் வந்தது. அவருக்கும் முன்னால் 1841இல் திரொம்மர் என்பவர் செப்புச் சல்பேற்றையும் காரத்தையும் சும்மா கலந்தே வெல்லம் பார்த்தார். பீலிங் கரைசலில் தொல்லை என்னவென்றால் அது இரண்டு போத்தல். ஒன்றில் செப்புச் சல்பேற்று, மற்றதில் சோடியம் ஐதரொட்சைட்டும் றோச்செல் உப்பும் (செப்பைக் கரைசலில் பிடித்து வைக்கும் ஒரு தாத்தரேற்று உப்பு). சோதனை செய்யும் நேரத்தில் கலக்கவேண்டும், கலந்ததை வைத்திருக்க முடியாது, போதாததற்கு அந்தக் காரம் கையையும் தின்னும், குழாயில் இருக்கும் குளுக்கோசையும் கொஞ்சம் தின்னும். பெனடிக்ட் ஐதரொட்சைட்டுக்குப் பதில் சோடியம் காபனேற்று, றோச்செல் உப்புக்குப் பதில் சோடியம் சித்திரேற்று என்று மாற்றினார். அவ்வளவுதான். ஒரே போத்தல், மாதக்கணக்கில் அப்படியே கிடக்கும். யூரியா மலிந்த சிறுநீரில், யூரிக் அமிலமும் கிரியற்றினினும் பீலிங்கை ஏமாற்றும் இடத்தில், இது அவ்வளவு லேசில் ஏமாறாது. ஆஸ்பத்திரிகள் அதைத்தான் பிடித்துக்கொண்டன.

5 மில்லிலீற்றர் கரைசல், 8 துளி சிறுநீர், கொதிநீரில் 5 நிமிடம். நீலமாகவே நின்றால் இல்லை. பச்சை, மஞ்சள், செம்மஞ்சள், கடைசியில் செங்கட்டிச் சிவப்பு. அடியில் படிவது செப்பு(I) ஒட்சைட்டு. பச்சை என்று தனியாக ஒரு பொருள் உண்டாவதில்லை, மிச்சமிருக்கும் நீலத்துக்குள் கொஞ்சம் மஞ்சள் படிவு மிதக்கிறது, கண் அதைப் பச்சையாகப் பார்க்கிறது.

ஒன்று சொல்லிவிடுகிறேன், இன்றைக்குத் திரும்பவும் சொல்வேன்: நேரடியாகச் சுடரில் சூடாக்கினால் குழாயின் வாயை ஆளுக்கு நேரே பிடிக்காதீர்கள். பொங்கிப் பாயும்.

ஆரையம்பதி, சாதாரண தர மாணவன்: சேர், தேத்தண்ணிக்குப் போடும் சீனியைக் கரைத்துச் சோதித்தேன், நீலமாகவே நிற்கிறது. கரைசல் பழுதா?

கரைசல் நல்லது தம்பி. சீனி என்பது சுக்குரோசு. குளுக்கோசும் பிரக்ரோசும் ஒன்றையொன்று கட்டிப்பிடித்த மூலக்கூறு. செப்புக்கு இலத்திரன் கொடுத்து அதைத் தாழ்த்தவேண்டிய முனைகள் இரண்டுமே அந்தப் பிணைப்புக்குள் மாட்டிக்கொண்டன, ஆகவே அது தாழ்த்தும் வெல்லம் இல்லை. ஐதான ஐதரோக்குளோரிக் அமிலம் கொஞ்சம் விட்டுச் சில நிமிடம் சூடாக்குங்கள், ஆறியபின் அப்பச்சோடாவைச் சிட்டிகை சிட்டிகையாகப் போட்டு நுரைப்பது நிற்கும்வரை நடுநிலையாக்குங்கள், அப்புறம் பெனடிக்ட் விடுங்கள். சிவக்கும். நடுநிலையாக்காமல் விட்டால் அமிலம் காபனேற்றைக் கெடுத்துவிடும், பிறகு திரும்பவும் கரைசல் பழுது என்று என்னிடம் வருவீர்கள்.

செங்கலடி, பள்ளிக்கூட ஆய்வுகூட உதவியாளர்: அண்ணே, நானே பெனடிக்ட் கலந்தேன். வெளிறிய நீலத்தில் கலங்கலாக, மாவு கரைத்தது மாதிரி வந்துவிட்டது. எங்கே பிழை?

எல்லாவற்றையும் ஒரே பீக்கரில் கொட்டினீர்களா? அல்லது செப்பை முதலில் போட்டீர்களா? ஒரு லீற்றருக்குக் கணக்கு: சோடியம் சித்திரேற்று 173 கிராம், நீரற்ற சோடியம் காபனேற்று 100 கிராம், பளிங்குச் செப்புச் சல்பேற்று 17.3 கிராம். முதல் இரண்டையும் 800 மில்லிலீற்றர் சுடுதண்ணீரில் கரைத்து வடியுங்கள். செப்பைத் தனியாக 100 மில்லிலீற்றரில் கரைத்து, கலக்கிக் கலக்கி மெல்லிய தாரையாக அதற்குள் விடுங்கள். சித்திரேற்று காவலுக்கு நிற்கிறது, செப்பைப் பிடித்து வைத்துக்கொள்ளும். காவல் வருமுன் செப்பும் காபனேற்றும் சந்தித்தால் செப்புக் காபனேற்றாக விழும், நீங்கள் கண்ட மாவு அதுதான். கொட்டிவிட்டுப் புதிதாகச் செய்யுங்கள்.

செய்து முடித்ததும் போத்தலில் பெயர் மட்டும் எழுதி வைக்காதீர்கள், என்னென்ன இருக்கிறது, என்றைக்குக் கலந்தது, யார் கலந்தது, மூன்றும் எழுதுங்கள். ஏன் இப்படிக் கத்துகிறேன் என்றால், நான் வேலை பழகிய ஓர் ஆஸ்பத்திரியில் லேபல் பாதி அழிந்து ‘பெ’ மட்டும் தெரிந்த ஒரு போத்தல் இருந்தது. முதல் நாள் பின்னேரம் யாரோ அதற்குள் வெறும் செப்புச் சல்பேற்றை ஊற்றி வைத்துவிட்டார்கள். மறுநாள் காலை எனக்கு 23 மாதிரி. எல்லாம் நீலம். ஒருவருக்கும் சீனி இல்லை என்று சந்தோசமாக எழுதிக்கொண்டு போகிறேன், பெரியவர் கொப்பியைப் பார்த்துவிட்டு, “இந்த அம்மாவின் சிறுநீரை நிலத்தில் வைத்தால் எறும்பு வரிசை கட்டும், இவவுக்கும் நீலமா?” என்றார். 23ஐயும் திரும்பச் செய்தேன், மத்தியானச் சாப்பாடு நாலு மணிக்கு. பீலிங்கின் முதல் போத்தல் நீலம், பெனடிக்ட் நீலம், புரதம் பார்க்கும் பையூரெட் நீலம், செப்புச் சல்பேற்றும் நீலம். அன்றிலிருந்து ஒவ்வொரு நாளும் முதல் வேலை ஒரு குழாயில் குளுக்கோசு, ஒரு குழாயில் வெறும் தண்ணீர். அது இரண்டும் சரியாக வந்தால்தான் மற்றது.

காத்தான்குடி: உம்மாவுக்குச் சீனி வருத்தம். வீட்டிலேயே இந்தக் கரைசலால் பார்க்கலாமா?

வேண்டாம். இரத்தத்தில் 100 மில்லிலீற்றருக்கு ஏறக்குறைய 180 மில்லிகிராம் தாண்டினால்தான் சாதாரணமாகச் சிறுநீரில் குளுக்கோசு இறங்கும், அதற்குக் கீழே எவ்வளவு ஏறினாலும் குழாய் நீலமாக நின்று பொய் சொல்லும். விற்றமின் சி நிறையக் குடித்தாலும் நிறம் மாறும். விரல் குத்திப் பார்க்கும் கருவி வாங்குங்கள், கிளினிக்கை விடாதீர்கள்.

வாழைச்சேனை: காட்டுத்தேன் என்று விற்கிறார்கள். சீனிப்பாகு கலந்ததா என்று பெனடிக்ட் காட்டுமா?

காட்டாது. நல்ல தேனே குளுக்கோசும் பிரக்ரோசும்தான், செங்கட்டியாகச் சிவக்கும். பாதி பாகு கலந்தாலும் மீதித் தேன் சிவக்கவைக்கும்.

ஏறாவூர்: எருமைத் தயிருக்கு?

வரும். இலற்றோசு.

கல்முனை: சேர், சீனிக் கரைசல் நிறம் மாறவில்லை...

ஆரையம்பதித் தம்பிக்குச் சொன்னதை வாசியுங்கள்.

திருக்கோவில்: பொலிசார் போதைப்பொருளுக்குப் பாவிக்கும் மார்க்குயிஸ் கரைசல் ஏதோ பிரபுவின் பெயராமே?

பிரபு இல்லை. எடுவார்ட் மார்க்குயிஸ் என்ற மருந்தாளர், இப்போது எசுத்தோனியாவில் இருக்கும் தார்த்து நகரில், 1896இல். பட்டப் பெயர் போலத் தெரிவது அவருடைய குடும்பப் பெயர். அதில் வரும் நிறம் சந்தேகத்துக்குத்தான் போதும், முடிவு சொல்வது அரச பகுப்பாய்வாளர் திணைக்களம். இதற்கு மேல் என்னிடம் கேட்க வேண்டாம்.

பாண்டிருப்பு: பெனடிக்ட், பெனடிக்ற், பெனடிக்ரின். பரீட்சையில் எதை எழுத?

உங்கள் பாடநூலில் இருப்பதை. எதை எழுதினாலும் கடைசி மெய்யை விழுங்கி ‘பெனடிக்கின்’ என்று எழுதாதீர்கள், அந்த மனிதர் பாவம்.

அக்கரைப்பற்று, டியூசன் ஆசிரியர்: ஐயா சொல்வது எல்லாம் சரி. ஆனால் பையூரெட் என்ற பிரெஞ்சு விஞ்ஞானியைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லையே. புரதச் சோதனை அவர் கண்டுபிடித்ததுதானே?

அப்படி ஒரு ஆளே இல்லை தம்பி.

அவரே: பதினைந்து வருடமாக ‘பையூரெட்டின் சோதனை’ என்றுதான் படிப்பிக்கிறேன். பெனடிக்ட்டின், பீலிங்கின், மில்லனின், எல்லாம் ஆட்கள். இது மட்டும் எப்படி ஆள் இல்லாமல் போகும்?

அந்த ‘இன்’ தான் ஆளை உண்டாக்கியது. மில்லன் ஆள்தான், பிரெஞ்சுக்காரர், 1849இல் தன் புரதச் சோதனையைச் சொன்னவர், ஒத்துக்கொள்கிறேன். பையூரெட் ஒரு இரசாயனப் பொருள். யூரியாவைச் சூடாக்கினால் 132 பாகை செல்சியசு அளவில் உருகும். இன்னும் சூடாக்கினால் இரண்டு யூரியா மூலக்கூறு சேர்ந்து ஒரு அமோனியாவை விட்டுவிடும், மூக்கைப் பிடிக்கிற மணம் வரும், மிஞ்சுவது பையூரெட். ‘பை’ என்றால் இரண்டு, ‘யூரெட்’ யூரியாவிலிருந்து. 1847இல் இதை ஆராய்ந்து எழுதியவர் குஸ்தாவ் வீடமன், பின்னாளில் பௌதிகத்துக்குப் போய்விட்டார்.

இதில் வேடிக்கை என்னவென்றால், பையூரெட் கரைசல் என்று போத்தலில் இருப்பதில் பையூரெட் ஒரு துளியும் இல்லை. செப்புச் சல்பேற்று, காரம், வழமையாக றோச்செல் உப்பு. காரத்தில் செப்பைச் சந்தித்தால் பையூரெட் ஊதாவாகும். புரதமும் அதே ஊதா, ஏனென்றால் பையூரெட்டில் இருப்பது மாதிரியான பிணைப்பு புரதத்தில் சங்கிலி சங்கிலியாகக் கிடக்கிறது. இரண்டு அமினோ அமிலம் மட்டும் சேர்ந்து ஒரு பிணைப்பு மட்டும் உள்ள இருபெப்தைட்டு இந்த நிறம் தராது. பையூரெட் மாதிரி நிறம் தருகிறது என்பதற்காகச் சோதனைக்கு அந்தப் பெயர். ஆளின் பெயர்தான் வேண்டும் என்றால் 1857இல் இதைத் தானாகக் கண்ட பியோட்ரோவ்ஸ்கி இருக்கிறார், போலந்தில் அவர் பெயரால்தான் சொல்கிறார்கள்.

கல்முனை, ஓய்வுபெற்ற ஆசிரியை: தம்பி, பையூரெட் ஆள் இல்லை என்று நீங்கள் சொல்வது சரிதான். ஆனால் நானும் ஆள் என்றுதான் படித்தேன், படிப்பித்தேன்.

டீச்சர், நீங்கள் ஒத்துக்கொண்டதே பெரிய காரியம்.

அக்கரைப்பற்று, டியூசன் ஆசிரியர்: புத்தகத்தில் எங்கே இருக்கிறது? வாயால் சொன்னால் போதுமா?

சாய்ந்தமருது, மாணவன்: சேர், சீனி நீலமாகவே...

சீனி. மேலே.

சம்மாந்துறை: தம்பி, நான் வயல் செய்கிறவன், இந்தப் படிப்பு எனக்கு விளங்காது. நீங்கள் சண்டை பிடிக்கிற பெயர் என்னுடைய யூரியாப் பையில் கிடக்கிறது. நைதரசன் 46 வீதம், அதற்குக் கீழே பையூரெட் கூடினது 1 வீதம் என்று ஆங்கிலத்தில் இருக்கிறது என்று மகள் வாசித்துச் சொன்னாள். அது ஆளா, நஞ்சா?

காக்கா, நீங்கள் வாழ்க. டியூசன் தம்பி, பை பேசிவிட்டது.

ஆள் இல்லை காக்கா. தொழிற்சாலையில் யூரியாவை உருக்கித்தான் குருணையாக்குகிறார்கள், உருக்கும் சூட்டில் கொஞ்சம் பையூரெட்டாக மாறிவிடுகிறது. கூடினால் பயிருக்கு ஆகாது, இலை நுனி மஞ்சளடிக்கும். வட்டையில் மண்ணுக்கு வீசுகிற யூரியாவுக்கு இந்த 1 வீதம் பெரிய விசயம் இல்லை. கரைத்து இலைக்குத் தெளிப்பதென்றால் பையூரெட் குறைந்தது பார்த்து வாங்கவேண்டும், அதை உங்கள் பகுதி விவசாயப் போதனாசிரியரிடம் கேளுங்கள், நான் சிறுநீர் பார்த்தவன், நெல் பார்த்தவன் இல்லை.

அக்கரைப்பற்று, டியூசன் ஆசிரியர்: சரி. யூரியாவைச் சூடாக்கி நானே செய்து பார்க்கலாமா?

இதைத்தான் முதலில் கேட்டிருக்க வேண்டும். உலர்ந்த குழாயில் கால் தேக்கரண்டி யூரியா. மெல்லச் சூடாக்குங்கள், உருகி, குமிழ்விட்டு, திரும்ப இறுகத் தொடங்கும்போது எடுங்கள். நன்றாக ஆறட்டும், தண்ணீர் விட்டுக் கரையுங்கள், ஐதரொட்சைட்டுக் கரைசல் கொஞ்சம், செப்புச் சல்பேற்று ஐதாக ஒரு துளி, இரண்டு துளி. கூட விட்டால் செப்பின் நீலம் ஊதாவை மூடிவிடும். பக்கத்தில் சூடாக்காத யூரியாவுக்கும் அதே மாதிரிச் செய்யுங்கள், அது ஊதாவாகாது. யன்னலைத் திறந்து வையுங்கள், கண்ணாடி போடுங்கள், குழாயின் வாய் பிள்ளைகள் பக்கம் வேண்டாம்.

சம்மாந்துறை: அப்ப 50 கிலோப் பையில் அது எவ்வளவு இருக்கும் தம்பி?

பையில் போட்ட கணக்குப்படி கூடினால் அரைக் கிலோ. யூரியா முடிந்ததும் அந்தப் பையை எறிய வேண்டாம் காக்கா, எழுத்து உள்ள பக்கத்தை வெட்டி அக்கரைப்பற்றுத் தம்பிக்குக் கொடுத்துவிடுங்கள், வகுப்புச் சுவரில் ஒட்டட்டும்.