வாசகர் கேட்டவை: தீவில் பிறந்த ராக் இசை

நாட்டுப்புற இசையையும் ராக் இசையையும் கலக்கும் குழுக்கள் பெரும்பாலும் நான்கைந்து பாடல்களோடு அலுத்துவிடுகின்றன. ஸ்காட்லாந்தின் ரன்ரிக் மட்டும் 45 ஆண்டுகள் நிலைத்தது எப்படி? (வாசகர், திருச்சி)

‘கலப்பது’ என்ற சொல்லிலேயே எனக்குச் சற்றுத் தயக்கம் உண்டு. வெளியிலிருந்து ஒரு மெட்டை எடுத்து மின்கிதாரோடு ஒட்டுகிறவர்களுக்குத்தான் அது பொருந்தும். 1973இல் ஸ்கை தீவில் ரோரி, கேலம் மெக்டொனால்ட் சகோதரர்களும் அக்கார்டியன் வாசித்த பிளேர் டக்ளஸும் தொடங்கியது, ஊர் மன்றங்களில் ஆட்டத்துக்கு வாசிக்கும் ஒரு சாதாரணக் குழு. வீட்டில் ஸ்காட்லாந்தின் பழைய மொழிகளில் ஒன்றான கேலிக்கில் பாட்டையும் வானொலியில் ராக் இசையையும் கேட்டு வளர்ந்த அந்தத் தலைமுறைக்கு இரண்டுமே சொந்த இசைதான். மறு ஆண்டு பாடகர் டோனி மன்ரோ சேர்ந்தார். 1978இல் வந்த முதல் தொகுப்பான ‘பிளே கேலிக்’ பெயருக்கேற்பக் கேலிக் பாடல்களால் ஆனது.

அந்தத் துணிச்சலின் அளவு புரிய வேண்டுமானால் மொழியின் நிலையைப் பார்க்க வேண்டும். 1872ஆம் ஆண்டுக் கல்விச் சட்டம் கேலிக் என்றொரு மொழி இருப்பதையே கண்டுகொள்ளவில்லை. பள்ளியில் அதைப் பேசிய பிள்ளைகள் அடிவாங்கிய கதைகள் தீவுகளில் ஏராளம். 2011 கணக்கெடுப்பின்படி ஸ்காட்லாந்தில் அதைப் பேசுவோர் ஏறத்தாழ 57,000 பேர் மட்டுமே. குழுவின் பெயரும் அந்த மண்ணிலிருந்து வந்ததுதான்: நிலத்தைப் பட்டை பட்டையாகப் பிரித்துக் குடியானவர்கள் தமக்குள் பகிர்ந்து உழுத பழைய முறைக்கு ‘ரன்ரிக்’ என்று பெயர். நிலத்திலிருந்து வெளியேற்றப்பட்ட குடிகளைப் பற்றியும் தேய்கிற மொழியைப் பற்றியும் பாடுவதற்கு அவர்களிடம் எப்போதும் விஷயம் இருந்தது. பல ஆண்டுகள் தாக்குப்பிடித்ததற்கு அதையே முதற் காரணமாகச் சொல்வேன்.

இசையளவிலும் ஒரு நுட்பத்தைக் குறிப்பிட வேண்டும். பேக்பைப்பில் காற்று இடைவிடாமல் போய்க்கொண்டிருப்பதால், ஒரே சுரத்தை அடுத்தடுத்து இருமுறை வாசிக்க நடுவே கணப்பொழுதில் மறையும் வேறொரு சுரத்தைத் தட்டித்தான் பிரிக்க முடியும். கிதார்க் கலைஞர் மால்கம் ஜோன்ஸ் பேக்பைப்பும் வாசிப்பவர்; அந்தத் தட்டலை அவருடைய மின்கிதாரில் அப்படியே கேட்கலாம்.

பிறகு ஆங்கிலத்தில் பாடியது வணிகத்துக்காகத்தானே? (வாசகி, கோவை)

முழுக்க அப்படிச் சொல்ல முடியாது. 1979இல் வந்த இரண்டாம் தொகுப்பிலேயே ‘லாக் லோமண்ட்’ என்ற பழைய ஆங்கிலப் பாடல் இருக்கிறது. ஆனால் 1987இன் ‘தி கட்டர் அண்ட் தி கிளான்’ தொகுப்புக்குப் பிறகு கிரிசாலிஸ் இசைத்தட்டு நிறுவனத்தோடு ஒப்பந்தம் செய்துகொண்ட காலத்துப் பாடல்கள் சிலவற்றில், அரங்கம் நிரம்ப ஒலிக்க வேண்டும் என்ற முனைப்பு சற்றுத் தூக்கலாகத் தெரிவதை நானும் மறுக்க மாட்டேன். பலன் கிடைத்தது என்னவோ உண்மை: 1991இல் ‘தி பிக் வீல்’ பிரிட்டனின் தொகுப்பு விற்பனை வரிசையில் நான்காம் இடம் பெற்றது, அதே ஆண்டு லோமண்ட் ஏரிக்கரையில் நடந்த கச்சேரிக்கு நாற்பதாயிரம் பேருக்கு மேல் திரண்டார்கள்.

வேடிக்கை என்னவென்றால், அவர்களுடைய ஒரு கேலிக் பாடலை நாடெங்கும் கொண்டுசேர்த்தது ஒரு பியர் விளம்பரம். 1987 தொகுப்பில் கிடந்த ‘அன் உவல் அஸ் ஆர்ட்யே’, அதாவது ‘உச்சிக்கிளை ஆப்பிள்’, விளம்பரத்தில் ஒலித்த பிறகு 1995இல் பிரிட்டனின் தனிப்பாடல் விற்பனை வரிசையில் 18ஆம் இடத்தைப் பிடித்தது. ஸ்காட்லாந்தின் கேலிக் மொழிப் பாடல் ஒன்று முதல் இருபதுக்குள் நுழைந்தது அதுவே முதல் முறை.

பாடகர் விலகியும் குழு கலையவில்லையா? (வாசகர், நாகர்கோவில்)

இல்லை. 1997இல் மன்ரோ அரசியலுக்குப் போனார். தொழிற்கட்சி சார்பில் நின்று தோற்றார். 1998இல் கனடாவின் கேப் பிரெட்டன் தீவிலிருந்து புரூஸ் குத்ரோ வந்து சேர்ந்தார். ஸ்காட்லாந்தின் மலைநாடான ஹைலேண்ட்ஸிலிருந்து கப்பலேறியவர்களின் வழித்தோன்றல்கள் இன்றும் நிறைந்திருக்கும் தீவு அது என்பதால், குரல் மாறினாலும் வேர் அறுபடவில்லை. பின்னர் கீபோர்டு வாசித்த பீட் விஷார்ட்டும் விலகி, 2001இல் ஸ்காட்டிஷ் தேசியக் கட்சியின் நாடாளுமன்ற உறுப்பினரானார். குத்ரோவோடு அவர்கள் மேலும் இருபது ஆண்டுகள், குறிப்பாக டென்மார்க்கிலும் ஜெர்மனியிலும் பெருங்கூட்டத்துக்குப் பாடி, 2018 ஆகஸ்டில் ஸ்டர்லிங் கோட்டையின் அடிவாரத்தில் இரண்டு இரவுகள் பாடி விடைபெற்றார்கள்.

எதிலிருந்து கேட்கத் தொடங்கலாம்? (அதே வாசகர்)

1988இல் வெளிவந்த ‘ஒன்ஸ் இன் எ லைஃப்டைம்’ என்ற மேடைப் பதிவிலிருந்து. அதிலுள்ள ‘லாக் லோமண்டை’ ஒலியைக் கூட்டிவைத்துக் கேளுங்கள்: மெதுவாக, ஏறக்குறைய ஒற்றைக் குரலாகத் தொடங்கும், பிறகு கூட்டம் பாட்டைத் தன் கையில் எடுத்துக்கொள்ளும், டிரம்ஸ் அதற்குப் பிறகுதான் வரும்.