பாட்டை முந்துகிற விரல்

அன்புள்ள ரீச்சர்,

நான் உப்புவெளியில் இருக்கிறேன். கம்பஸ் தொடங்கும்வரை வீட்டில்தான். ஓசு மேனியாவில் நாலு கீ ஆடுகிறேன். பாட்டோடு திரையில் விழுகிற நோட்டுகளை, அவை கோட்டைத் தொடுகிற நேரத்தில் கீயால் தட்டுகிற கொம்பியூட்டர் விளையாட்டு அது. ஒன்லைனில் நடக்கிற சின்னப் போட்டிகளில் சேருவேன், இரண்டாம் சுற்றோடு வெளியே வந்துவிடுவேன். பாட்டின் முதல் பாதியில் எதிராளியை விட முன்னுக்கு நிற்பேன். பிறகு விழுந்துவிடுவேன். தட்டு முந்தியதா பிந்தியதா என்று காட்டுகிற அளவுகோட்டைப் பார்த்தால் பின்பாதியில் எல்லாத் தட்டும் முந்திக் கிடக்கும். ஒவ்வொரு பாட்டுக்கும் ஓஃப்செட் என்கிற நேர எண்ணை மாற்றிப் பார்க்கிறேன். நல்ல மெக்கானிக்கல் கீபோர்ட் வாங்கினால் சரிவருமா? எங்கட இன்டர்நெட் மெதுவு, அதுவும் காரணமா? அண்ணா பாட்டை மெதுவாக்குகிற ஹாஃப் டைமில் பழகச் சொல்கிறார், ஆனால் அது புதிதாக வருகிறவர்களுக்கானது. அம்மா இதெல்லாம் வீண் வேலை என்கிறா. நீங்கள் கோயில் மேளம் பற்றி எழுதியதை வாசித்தபோது உங்களிடம் கேட்கலாம் என்று பட்டது. வெல்ல என்ன வழி?

த.

அன்புள்ள மகள்,

மேளம் பற்றிய அந்தக் கட்டுரையில் ஒரு பகுதியை நீளம் கருதி வெட்டியிருந்தேன். தவில் வாசிக்கிறவர் ஏன் ஓடுகிறார், அதாவது ஏன் தாளத்தை முந்துகிறார் என்பதுதான் அந்தப் பகுதி. வெட்டிய நாளிலிருந்து அது மனதை அரித்துக்கொண்டே இருந்தது. ‘பின்பாதியில் எல்லாத் தட்டும் முந்திக் கிடக்கும்’ என்று நீங்கள் எழுதியதைக் கண்டதும் மற்ற வேலையை வைத்துவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன்.

சின்ன விஷயங்களை முதலில் முடித்துவிடுவோம். இன்டர்நெட் காரணம் இல்லை. சுடுகிற விளையாட்டுகளில் லைன் மெதுவென்றால் குண்டு பிந்தும். ஓசுவில் உங்கள் தட்டு சரியா பிழையா என்று தீர்ப்பது உங்கள் மேசையில் இருக்கிற கொம்பியூட்டர்தான். புள்ளிதான் வெளியே போகிறது. லைன் அறுந்தால் போட்டியிலிருந்து விழுவீர்கள், அதற்காக விரல் முந்தாது. அம்மா சொன்னதற்கு நான் நடுவில் வரமாட்டேன். வீட்டு வேலையைச் செய்துவிட்டு ஆடுங்கள்.

ஓஃப்செட்டுக்கு உங்களை ஏசத்தான் வேண்டும். சத்தமும் படமும் உங்களிடம் வந்து சேருகிற தாமதத்தைச் சரிக்கட்டுகிற எண் அது. அது பிழையென்றால் முதல் தட்டிலிருந்து கடைசித் தட்டு வரை எல்லாமே ஏறக்குறைய ஒரே அளவில், ஒரே பக்கம் தள்ளிக் கிடக்கும். உங்களுக்கு முதல் பாதி ஒழுங்காக நடுவில் நிற்கிறது, பின்பாதிதான் முந்துகிறது. பாதிப் பாட்டில் வயரும் மாறவில்லை, மொனிட்டரும் மாறவில்லை. மாறியது நீங்கள். இதை உங்கள் கையாலேயே எழுதிவிட்டு அடுத்த வரியில் எண்ணை மாற்றுகிறேன் என்கிறீர்களே! சில பாட்டுகளுக்கு நோட் வைத்தவரே நேரத்தைப் பிசகி வைத்திருப்பார், அது வேறு கதை. ஆனால் பாட்டுக்குப் பாட்டு எண்ணைத் திருகுகிறவருக்குத் தன் பிழை எது, மெஷினின் பிழை எது என்று ஒருநாளும் பிடிபடாது. ஒரு தரம் ஆறுதலாக இருந்து சரிபார்த்து வையுங்கள். பிறகு அதில் கை வைக்காதீர்கள்.

என்ன ஹெட்ஃபோன் போடுகிறீர்கள் என்று எழுதவில்லை. புளூடூத் என்றால் இன்றைக்கே கழற்றி வையுங்கள். அதில் சத்தம் 100, 200 மில்லிசெக்கன் பிந்தி வருவது சாதாரணம். காற்றில் சத்தம் ஒரு மீற்றர் தூரம் வர ஏறக்குறைய 3 மில்லிசெக்கன் எடுக்கும். அப்படியென்றால் 150 மில்லிசெக்கன் பிந்துவது, கோயில் வீதியில் மேளத்துக்கு 50 மீற்றர் தள்ளி நின்று கேட்பது மாதிரி. தவில்காரரின் கழி தோலில் விழுவதைக் கண் கண்டுவிடும், சத்தம் அதற்குப் பிறகுதான் வரும். அவ்வளவு தூரத்தில் நின்றுகொண்டு அவரோடு சேர்ந்து தட்ட யாரால் முடியும்?

சரி, இனி ஓடுகிற கதை.

எங்கள் வீடு தம்பலகாமத்தில். அப்பா தவில் வாசிப்பவர். ஆதி கோணேஸ்வரர் கோயில் திருவிழா என்றால் ஆளை வீட்டில் காண முடியாது. அண்ணன்மார் இரண்டு பேருக்கும் முற்றத்தில் வைத்துப் பழக்கினார். தொடக்கத்தில் தவில் தரமாட்டார். ஒரு பலகையும் கழியும்தான். அடிக்கிற சொற்கள் தா, தீ, தொம், நம். அவர் திண்ணையில் இருந்து பசையில் தோய்த்த துணிக்கீலத்தை விரலில் சுற்றிச் சுற்றிக் கூடு செய்துகொண்டிருப்பார். எனக்குப் பழக்கவில்லை. பெண் பிள்ளைக்குத் தவில் எதற்கு என்று ஊர் நினைத்தது, அப்பாவும் ஊரோடு நின்றார். அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை. ஆனால் தாளம் போடுகிற வேலையை என்னிடம்தான் தந்தார். அண்ணன்மார் அடிக்க அடிக்க நான் ஆதி தாளத்தைக் கையில் போட வேண்டும். ஒரு தட்டு, மூன்று விரல், பிறகு தட்டும் வீச்சும் இரண்டு தரம். எட்டு எண்ணிக்கை முடிந்ததும் மறுபடியும் அதே தட்டு.

அதனால் அவர்கள் எங்கே ஓடுகிறார்கள் என்று அவர்களை விட எனக்கே நன்றாகத் தெரிந்தது. வேகமான இடத்தில் ஓடமாட்டார்கள், மகள். மூன்றாம் காலம் என்கிற வேகத்தில், ஓர் எண்ணிக்கைக்கு நாலு சொல் விழுகிற இடத்தில், கை நிறைய வேலை இருக்கும், அப்போது நேரம் தானாக நிற்கும். ஓடுவது, எண்ணிக்கைக்கு ஒரு சொல் விழுகிற முதல் காலத்தில்தான். ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் நடுவில் வெறும் இடம் கிடக்கும். அந்த வெறும் இடத்தைக் கை பொறுக்காது. கொஞ்சம் முன்னுக்கே விழுந்துவிடும். அப்பா தலை நிமிராமலே சொல்லுவார்: “ஓடாதை.” பெரியண்ணா கழியை நிறுத்திவிட்டு என் கையைப் பார்ப்பான். நான்தான் மெதுவாகப் போடுகிறேன் என்று சண்டைக்கும் வருவான்.

இது எங்கள் வீட்டு முற்றத்துக் கதை மட்டுமில்லை. மெட்ரோனோம் சத்தத்தோடு சேர்ந்து விரலைத் தட்டச் சொன்னால் மனிதர் பெரும்பாலும் சத்தத்துக்குப் பத்து இருபது மில்லிசெக்கன், பழக்கமில்லாதவர்கள் அதற்கும் மேலே, முந்தித்தான் தட்டுவார்கள். முந்துவது அவர்களுக்கே தெரியாது. நூறு வருஷத்துக்கு மேலாக ஆய்வுகூடங்களில் பார்த்து வருகிற விஷயம் இது. சங்கீதம் பழகியவர்களுக்கு இந்த முந்தல் குறைவு. இன்னொன்றும் கண்டிருக்கிறார்கள். இரண்டு தட்டுக்கும் நடுவில் இருக்கிற நேரத்தைச் சின்னச் சின்னத் துண்டாக்கி நிரப்பினால் முந்தல் குறையும். அப்பா அதை வாயால் சொல்லித்தான் செய்வித்தார். முதல் காலத்தில் கை ஒரு சொல்லை அடிக்கும்போதும் வாய்க்குள் தகதிமி முழுதாக ஓட வேண்டும். கை சும்மா இருக்கிற நேரத்திலும் வாய் சும்மா இருக்கக் கூடாது.

உங்கள் விளையாட்டில் இதற்கு எவ்வளவு விலை என்று பாருங்கள். மேனியாவின் பழைய பதிப்பில் மேக்ஸ் என்கிற ஆக உயர்ந்த தீர்ப்பை வாங்க வேண்டுமென்றால் தட்டு 16 மில்லிசெக்கனுக்குள் விழ வேண்டும், முன்னுக்கென்றாலும் பின்னுக்கென்றாலும். தீர்ப்பின் கண்டிப்பைச் சொல்கிற ஓடி என்கிற எண் 8 ஆக உள்ள பாட்டில், அதற்கு அடுத்த தீர்ப்பான 300க்கு 40 மில்லிசெக்கன். புள்ளிக் கணக்கில் மேக்ஸ் 300ஐ விட மேலே. ஆக, இரண்டு பேரும் ஒரு நோட்டையும் தவறவிடாமல் ஆடினாலும் பத்துப் பதினைந்து மில்லிசெக்கன் முந்துகிறவர் தோற்றுப்போவார். தான் பிழையொன்றும் விடவில்லை என்றே அவர் நினைத்துக்கொண்டிருப்பார். உங்கள் இரண்டாம் சுற்று இதுதான்.

கோயிலில் தவில் ஓடினால் நாதஸ்வரமும் கூட ஓடும், தாளக்காரரும் ஓடுவார். சாமி கொஞ்சம் விரைவாகச் சுற்றி வரும், யாருக்கும் நட்டமில்லை. பதிவு செய்த பாட்டு உங்களுக்காக ஒரு மயிரிழையும் அசையாது. இது தவிலை விடக் கடுமையான கண்டிப்பு. அதனால்தான் எனக்கு இந்த விளையாட்டில் மரியாதை. பேரன் ஆடும்போது பக்கத்தில் கதிரை போட்டு இருந்துவிடுவேன்.

1997இல் கொனாமியின் பீட்மேனியா வந்ததிலிருந்து இந்த வகை விளையாட்டுகள் நோட்டைக் கண்ணுக்கு முன்னால் விழுத்தியே பழக்கிவிட்டன. பிள்ளைகள் நோட் கோட்டைத் தொடுவதைப் பார்த்துத் தட்டுகிறார்கள். கண்ணுக்கு அந்த நுணுக்கம் இல்லை. 60 ஹேர்ட்ஸ் மொனிட்டர் ஒரு படத்தை மாற்றவே 16.7 மில்லிசெக்கன் எடுக்கிறது. எந்தக் கீ என்று மட்டும் கண் சொல்லட்டும். எப்போது என்பது காதின் வேலை. நோட் விழுகிற வேகத்தைக் கூட்டி வைப்பதும் இதற்காகத்தான். கூட்டினால் நெருக்கமான நோட்டுகள் பிரிந்து தெரியும், வாசிக்கச் சுலபம். அதற்காக அளவுக்கு மீறிக் கூட்டிவிட்டுக் கண்ணால் துரத்தாதீர்கள்.

இனி ஹாஃப் டைம். அண்ணா சொன்னதை நீங்கள் தட்டிவிட்ட வரியை வாசித்து எனக்குக் கோபமே வந்தது. புதிதாக வருகிறவர்களுக்கானதாம்! 180 பீபீஎம், அதாவது நிமிஷத்துக்கு 180 பீட் உள்ள பாட்டில் ஒரு பீட்டுக்கு நாலு நோட் என்றால் செக்கனுக்கு 12 நோட், நடுவில் 83 மில்லிசெக்கன். ஹாஃப் டைம் பாட்டை முக்கால் வேகத்துக்கு இறக்குகிறது. 135 பீபீஎம், செக்கனுக்கு 9 நோட், நடுவில் 111. உங்கள் கை ஓடுகிற அந்த வெறும் இடம் பெரிதாகிறது, உங்கள் பிழையும் கூடவே பெரிதாகத் தெரிகிறது. உங்களுக்கு அது பிடிக்காததற்குக் காரணமும் அதுதான். முழு வேகத்தில் 98 சதவீதம் எடுக்கிற பாட்டை ஹாஃப் டைமில் போட்டு, முடிந்ததும் அன்ஸ்டேபிள் ரேட்டைப் பாருங்கள். தட்டுகள் எவ்வளவு சிதறுகின்றன என்பதைக் காட்டுகிற எண் அது, 100 என்றால் சிதறல் 10 மில்லிசெக்கன். மெதுவாக ஆடும்போது எண் கூடிவிட்டதென்றால் அந்தப் பாட்டு உங்களுக்குத் தெரியாது. விரல் உருப்போட்டிருக்கிறது, அவ்வளவுதான்.

யாழ்ப்பாணம் தெட்சணாமூர்த்தி அவர்கள் 1975இல் காலமானவர். அவருடைய தவிலைப் பற்றிப் பேசுகிற எல்லாரும் வேகத்தைப் பேசுவார்கள். அப்பா எங்களிடம் வேறு மாதிரிச் சொல்லுவார். எவ்வளவு வேகத்திலும் ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் நடுவில் இடம் ஒரே அளவாக இருப்பதைக் கேளுங்கள் என்பார். நீங்களும் பதிவு ஏதாவது தேடி எடுத்து, கையில் தாளம் போட்டுக்கொண்டு கேட்டுப் பாருங்கள். கீயில் அடிப்பதற்குச் செலவழிக்கிற நேரத்தில் கொஞ்சத்தை இதற்குத் தரலாம்.

போட்டி நாளைக்கும் கொஞ்சம் சொல்கிறேன். எதிராளியின் புள்ளி திரையில் தெரியாமல் மறைத்து வையுங்கள். முதல் பாதியில் முன்னுக்கு நிற்பதைக் கண்ட பிறகுதான் நீங்கள் இறுகுகிறீர்கள் என்று எனக்குப் படுகிறது. ஒரு நோட் தவறினால் அதை அடுத்த நோட்டில் பிடிக்கப் போகாதீர்கள், போனது போனதுதான், வாயில் தகதிமியை விடாமல் அடுத்த வட்டத்துக்குப் போய்ச் சேருங்கள். பாட்டைத் தடை செய்கிற முறை வரும்போது உங்களுக்குப் பிடிக்காததைத் தடுக்காமல், எதிராளி நன்றாக ஆடுகிற பாட்டைத் தடுங்கள். நீண்ட நோட்டில் கீயை விடுகிற நேரத்துக்கும் தீர்ப்பு உண்டு. அதைப் பழகியவர்கள் குறைவு, நீங்கள் பழகி வைத்தால் தெரிவு செய்ய ஒரு நல்ல பாட்டு கையில் இருக்கும். மணிக்கட்டு நோகத் தொடங்கினால் உடனே எழும்ப வேண்டும். இதில் வாதாட வராதீர்கள்.

கீபோர்ட் கேட்டிருந்தீர்கள். நாலு கீயும் ஒன்றாக அழுத்தினால் நாலும் விழுகிறதா என்று பாருங்கள். விழுந்தால் இருக்கிறது போதும். காசை ஒரு வயர் ஹெட்ஃபோனுக்கு வையுங்கள். அண்ணாவிடம் போய் அவர் சொன்னது சரி என்று சொல்லுங்கள். அடுத்த போட்டிக்கு முன்னம், ஹாஃப் டைமில் ஆடிய ஒரு பாட்டின் முடிவுத் திரையைப் படமெடுத்து எனக்கு அனுப்புங்கள். முழு வேகத்தில் ஆடியதை அனுப்பினால் திறந்தும் பார்க்கமாட்டேன்.

அன்புடன்,
ரீச்சர்