இலவச ஊசி என்றால் இழப்பீடு கேட்க முடியாதா?

கேள்வி: ஒரு தனியார் மருத்துவமனை தன் வளாகத்தில் நடத்திய முகாமில் எங்கள் ஒன்றரை வயது மகளுக்கு இலவசமாகத் தடுப்பூசி போட்டோம். அன்றிரவே வலிப்பு வந்து, ஆறு நாட்கள் தீவிர சிகிச்சைப் பிரிவில் இருந்தாள். ‘பணம் கட்டாதவர் வழக்குப் போட முடியாது’ என்கிறது மருத்துவமனை. ஊசி தயாரித்த நிறுவனத்திடம் பெருந்தொகை பெற்றுத் தருவதாக ஒருவர் முன்பணம் கேட்கிறார். கிடைப்பதில் கால் பங்கும் வேண்டுமாம். கொடுக்கலாமா?

பதில்: ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். வெற்றி பெற்றால் பங்கு என்று கட்டணம் பேசுவது வழக்கறிஞருக்கே பார் கவுன்சில் விதிகளால் தடை செய்யப்பட்டது. வழக்கறிஞரும் அல்லாத இடைத்தரகருக்கு அந்த உரிமை எங்கிருந்து வந்தது? இவர்கள் முதலில் மூலச் சான்றுகளைக் கேட்பார்கள். தடுப்பூசி அட்டையைக் கையை விட்டு அனுப்பாதீர்கள். ஊசியின் பெயரும் அதன் தயாரிப்புத் தொகுதி எண்ணும் (batch number) இல்லாமல் எந்த வழக்கும் நிற்காது.

நிறுவனத்தின் பொறுப்பு நீங்கள் நினைப்பதைவிடக் குறுகியது. பாதிப்பு வந்தது என்பது மட்டும் போதாது. 2019-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி, தயாரிப்பிலோ வடிவமைப்பிலோ குறைபாடு இருந்தது, அல்லது போதிய எச்சரிக்கை தரப்படவில்லை என்று காட்ட வேண்டும். அரிதாக வரும் என்று ஏற்கனவே அச்சிட்டு எச்சரித்த பக்கவிளைவு குறைபாடு ஆகாது. அமெரிக்காவில் 1986-இல் ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். ஊசிக்கு விதிக்கும் சிறு வரியில் நிதி சேர்த்து, யார் தவறு என்று நிரூபிக்கச் சொல்லாமலே இழப்பீடு தருகிறார்கள். நம் குழந்தைகளுக்கான வழக்கமான தடுப்பூசிகளுக்கு அப்படியொரு சட்டம் இல்லை. ஊர் முழுவதையும் காக்கும் ஊசியின் சுமை ஒரு வீட்டின் மீது விழும்போது, அந்த வீட்டாரை ஆதாரம் தேடி அலையவிடுவது அநியாயம். பல ஆண்டுகளாக இதைச் சொல்லி வருகிறேன்.

மருத்துவமனை சொன்னதற்கு வருகிறேன், ஏனென்றால் இதில்தான் பலர் ஏமாறுகிறார்கள். 1995-இல் வி.பி. சாந்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. வருகிற எல்லோருக்கும் எல்லாச் சிகிச்சையும் இலவசம் என்றால் மட்டுமே அந்த மருத்துவமனை நுகர்வோர் சட்டத்துக்கு வெளியே நிற்கும். அங்கே பெயர்ப் பதிவுக்கு மட்டும் சிறு தொகை வாங்கினாலும் நிலை மாறாது. ஆனால் வசதியுள்ளவரிடம் கட்டணம் வாங்கிக்கொண்டு ஏழைக்கு இலவசமாகச் செய்யும் மருத்துவமனையில், அந்த ஏழையும் நுகர்வோர்தான். சிலரிடம் கட்டணம் வாங்கும் அரசு மருத்துவமனைக்கும் இதே விதி. உங்கள் மகளுக்கு ஊசி போட்ட இடத்தில் மற்ற நோயாளிகளிடம் பணம் வாங்குகிறார்கள் அல்லவா? ‘இது முகாம், வேறு கணக்கு’ என்று வாதாடுவார்கள். அதை நுகர்வோர் ஆணையத்தில் வந்து வாதாடட்டும். வாசலிலேயே உங்களைத் திருப்பி அனுப்ப அவர்களுக்கு அதிகாரம் இல்லை.

அதற்கு முன் ஒரு வேலை. தடுப்பூசிக்குப் பின் மருத்துவமனையில் சேர்க்கும் அளவுக்குப் பாதிப்பு வந்தால், அது மாவட்டத் தடுப்பூசி அலுவலருக்குத் தெரிவிக்கப்பட வேண்டும். தெரிவித்தார்களா என்று அவரிடமே எழுத்தில் கேளுங்கள். இல்லையென்றால் நீங்களே மனு கொடுங்கள். காரணத்தை ஆராயும் குழுவின் முடிவுதான் உங்கள் வழக்கின் திசையைக் காட்டும். ஊசி மருந்தின் தரக்குறைவு என்றால் நிறுவனம். குளிர்பதனம் தவறியது, தவறாகக் கலந்தது போன்ற பிழை என்றால் போட்டவர்கள். தற்செயல் என்று வந்தால் வழக்கு கடினம். அந்த முடிவை யாரும் வீடு தேடி வந்து சொல்லமாட்டார்கள். பத்து ரூபாய் கட்டித் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள், முப்பது நாளில் பதில் தர வேண்டும். குழந்தையின் உயிர் சம்பந்தப்பட்ட ஆராய்ச்சியைப் பெற்றோர் மனுப் போட்டு வாங்க வேண்டியிருப்பது வெட்கக்கேடு.

சிகிச்சை ஆவணங்களை எழுத்தில் கேட்டால் மருத்துவர் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும். நுகர்வோர் ஆணையத்துக்குப் போக இரண்டு ஆண்டுகள்தான் அவகாசம். குழந்தைக்காகத் தொடரும் வழக்குக்கு, உங்கள் வருமானம் எவ்வளவு என்றாலும், மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வழக்கறிஞரை அமர்த்தித் தரும். மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே அதன் அலுவலகம் இருக்கும். அடுத்த தவணை ஊசிகளைப் பற்றி மட்டும் குழந்தைகள் மருத்துவரிடம் கேட்டு முடிவு செய்யுங்கள், வழக்கறிஞரிடம் அல்ல.